எடிஸ்டோன் பாறை: நான்கு கலங்கரை விளக்கங்கள், முதல் மூன்றும் போனதற்கு ஒவ்வொரு காரணம்

மணல்திட்டு
இங்கிலாந்தின் பிளிமத் துறைமுகத்துக்கு வெளியே நடுக்கடலில் இருக்கும் எடிஸ்டோன் பாறையைப் பற்றி ஒரு சந்தேகம். பொறியாளர் ஜான் ஸ்மீட்டன் 1759இல் கட்டி முடித்த கோபுரத்தைத்தான் பிற்காலப் பாறைக் கோபுரங்களுக்கெல்லாம் முன்மாதிரி என்கிறார்கள். கல்லோடு கல்லைப் பூட்டி எழுப்பியது. அவ்வளவு உறுதியானது என்றால் 123 ஆண்டுகளில் அதை ஏன் கழற்றினார்கள்? சாந்து விட்டுப்போனதா, கல் தேய்ந்ததா, பூட்டு இளகியதா? அதற்கு முன் அங்கே நின்ற இரண்டும் எதனால் அழிந்தன என்பதையும் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கல்தச்சன்
நீங்கள் சொன்ன மூன்றும் இல்லை. கோபுரம் நன்றாகத்தான் இருந்தது. அது நின்ற பாறைதான் போனது.

நீர்மட்டத்தை ஒட்டிப் பாறையின் ஒரு பக்கத்தைக் கடல் குடைந்துகொண்டே வந்தது. பெரிய அலை அந்தக் குடைவுக்குள் அடிக்கும்போதெல்லாம் மேலே கோபுரம் மொத்தமாக ஆடியது. பூட்டு இளகிய கோபுரம் என்றால் கற்களுக்கு நடுவே விரிசல் விழும், சாந்து உதிரும், உள்ளே நீர் கசியும். இது ஒரே துண்டாக ஆடியது. அந்த ஆட்டமே பூட்டு பிடித்திருந்ததற்குச் சாட்சி. 1870களின் கடைசியில், அதே பாறைத்தொடரில் சுமார் 40 கஜம் தள்ளி வேறொரு பாறையில் புதிதாகக் கட்டுவது என்று முடிவானது. ஸ்மீட்டன் கோபுரத்தின் மேல்பாதியைக் கல் கல்லாக இறக்கிக் கரைக்குக் கொண்டுபோனார்கள். அடிக்கட்டை இன்றும் கடலில் நிற்கிறது.

ஓதக்கணக்கு
இடத்தை முதலில் மனதில் வாங்கிக்கொண்டால் மற்றது எளிதாகப் புரியும். கோர்ன்வாலின் ரேம் முனையிலிருந்து சுமார் 14 கிலோமீட்டர், பிளிமத்திலிருந்து அதைவிடத் தொலைவு. பாறை செந்நிற நைஸ் (gneiss) வகை, மிகக் கடினமானது. ஓதம் (கடல்நீர் ஏறி இறங்குவது) ஏறினால் பெரும்பகுதி மூழ்கிவிடும். அந்தக் கடற்கரையில் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய பெருவெள்ளோதத்தின்போது ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் நடுவே 15 அடி வரை வித்தியாசம் வரும். ஆகவே அடிமட்ட வேலைக்குக் கிடைப்பது வற்றத்தை ஒட்டிய சில மணி நேரம் மட்டுமே. அதிலும் கடல் அமைதியாக இருக்க வேண்டும், படகு பாறையை அணைய வேண்டும், ஆட்கள் இறங்க வேண்டும். தென்மேற்கிலிருந்து நீண்ட அலை வந்தால், காற்றே இல்லாத நாளில்கூட இறங்க முடியாது.

ஸ்மீட்டன் தானே எழுதிவைத்த கணக்கு இருக்கிறது. 1756 ஆகஸ்டில் பாறையில் வேலை தொடங்கி 1759 அக்டோபரில் விளக்கு எரியும் வரை மூன்று ஆண்டுகளுக்கு மேல். அதில் பாறை மீது உண்மையாக வேலை நடந்தது 421 நாள்களில், மொத்தம் 2,674 மணி நேரம். இடைவிடாமல் செய்திருந்தால் 111 நாளும் 10 மணி நேரமும்தான்.

இனி முதல் கோபுரம். கட்டியவர் ஹென்றி வின்ஸ்டன்லி, எசெக்ஸ் மாவட்டத்துச் செதுக்கோவியக் கலைஞர். சொந்தமாகக் கப்பல்களில் முதலீடு செய்திருந்தவர். அவற்றில் இரண்டு இந்தப் பாறையில் மோதிப் போயின. 1696இல் தொடங்கினார். முதல் கோடை முழுக்க நடந்த வேலை பாறையில் 12 துளைகள் போட்டு இரும்புக் கம்பங்களை நட்டு ஈயம் ஊற்றியது மட்டும்தான். அடுத்த ஆண்டு 14 அடி விட்டம், 12 அடி உயரத்தில் திடமான கல்தூண். அந்த ஆண்டில்தான் பிரெஞ்சுக் கொள்ளைக் கப்பல் ஒன்று வந்து அவரைப் பிடித்துக்கொண்டு போனது. போர்க்காலம். ஆனாலும் பதினான்காம் லூயி மன்னர் அவரை விடுவிக்க உத்தரவிட்டார். அந்த விளக்கு எல்லா நாட்டு மாலுமிக்கும் பயன்படும் என்பது காரணம். 1698 நவம்பர் 14 அன்று முதல் விளக்கு எரிந்தது.

முதல் குளிர்காலத்திலேயே தெரிந்துவிட்டது: அலைகள் விளக்கறைக்கு மேலேயே போயின. 1699இல் பழையதைச் சுற்றி இன்னொரு உறை கட்டி, அடியை 24 அடி விட்டமாக்கி, உயரத்தை 120 அடிக்குக் கொண்டுபோனார். அடி கல், மேலே மரம், பலகோண வடிவம், வெளியே நீட்டிய மாடங்கள், பாரந்தூக்கிகள், அலங்கார வேலைப்பாடுகள். 1703 நவம்பர் 26 இரவு அடித்த பெரும்புயலில் அத்தனையும் போயிற்று. பழுது பார்க்கப் போயிருந்த வின்ஸ்டன்லியும் உள்ளே இருந்தவர்களும் அதோடு போனார்கள். சில நாள்களில் வர்ஜீனியாவிலிருந்து புகையிலை ஏற்றி வந்த 'வின்ச்சல்சி' என்ற கப்பல் அதே பாறையில் மோதி உடைந்தது.

வடக்கயிறு
சிறு திருத்தம். 1703 நவம்பர் 26 என்பது அன்றைய இங்கிலாந்தின் பழைய நாள்காட்டி. புதிய கணக்கில் டிசம்பர் 7. 1752இல்தான் அவர்கள் மாறினார்கள். இரண்டு தேதியையும் நூல்களில் காணலாம், இரண்டும் ஒரே இரவுதான். 1698, 1708 தேதிகளுக்கும் இதே 10, 11 நாள் வித்தியாசம் உண்டு.

வின்ஸ்டன்லி கோபுரத்தில் பிழை எங்கே என்று கேட்டால், நீட்டல்களைத்தான் முதலில் சொல்வேன். பலகோணச் சுவரில் தட்டையான முகத்தில் மோதும் அலை விலகிப் போக வழியில்லை. முழு அடியையும் சுவர் வாங்குகிறது. மாடம் நீட்டியிருந்தால் கீழிருந்து ஏறும் நீர் அதன் அடியில் முட்டி மேல்நோக்கித் தூக்குகிறது. அதன்மேல் 12 கம்பங்களை மட்டும் நம்பிய பிடி. ஐந்து குளிர்காலம் தாங்கியதே பெரிது.

கல்தச்சன்
இரண்டாவது கோபுரத்தைப் பலர் ஒரு வரியில் 'மரக்கோபுரம், எரிந்துபோனது' என்று முடித்துவிடுகிறார்கள். அது நியாயமில்லை. ஜான் ரட்யர்ட் லண்டனில் பட்டு வணிகர், பொறியாளர் அல்ல. ஆனால் ஊல்விச் கப்பல்தளத்திலிருந்து இரண்டு கப்பல் தச்சர்களைக் கூட்டிவந்து, கோபுரத்தைக் கப்பல் போலக் கட்டினார். வட்ட வடிவம், மேலே போகப் போகக் குறுகும் கூம்பு, வெளியே எதுவும் நீட்டாத வழவழப்பான உடல். 1708 ஜூலை 28 விளக்கு எரிந்தது, 1709இல் முழுமையடைந்தது.

அவர் இரும்பைப் பாறையில் ஊன்றிய முறையைக் கட்டாயம் சொல்ல வேண்டும். முதலில் சரிவான பாறையைப் படிகளாக வெட்டினார். நேராகச் சரிவில் உட்கார்ந்த கட்டடம் வழுக்கப் பார்க்கும். படியில் உட்கார்ந்தால் பாரம் நேரே கீழே இறங்கும். பிறகு 36 துளைகள். ஒவ்வொன்றும் வாயில் குறுகி அடியில் அகன்றது, புறாவால் போல. அதற்குள் இரண்டு துண்டாகச் செய்த இரும்புக் கொக்கியை இறக்கி, நடுவில் அறைந்து விரிய வைத்தால் மேலே வராது.

அதோடு விடவில்லை. துளைக்குள் கடல்நீர் புகுந்தால் இரும்பு துருவேறும். அதனால் துளை நிறைய உருக்கிய விலங்குக் கொழுப்பை முதலில் ஊற்றினார். இரும்பைச் சூடாக்கி அதற்குள் இறக்கினார். பிறகு உருக்கிய வெள்ளீயக் கலவையை ஊற்றினார். கனமான உலோகம் அடிக்குப் போக, கொழுப்பு மேலே பொங்கி வழிந்தது. இண்டு இடுக்கிலெல்லாம் கொழுப்பு ஒட்டிக்கொண்டு நீரை அண்டவிடவில்லை. பிற்காலத்தில் ஸ்மீட்டன் இந்த இரும்புகளைப் பார்த்து வியந்து எழுதியிருக்கிறார்.

அடிப்பகுதியில் ஓக் மரக்கட்டைகளையும் கருங்கல் வரிகளையும் (கிடை அடுக்குகள்) மாறி மாறி அடுக்கினார். மரம் இணைப்புக்கு, கல் பாரத்துக்கு. வெளியே 71 நெடும்பலகைகள். இடுக்குகளில் சணல் நார் திணித்துக் கீல் (தார்) பூசி, கலப்பத்து வேலை முழுக்க வள்ளத்துக்குச் செய்வதுபோல. கடற்புழு அரித்த பலகைகளை அவ்வப்போது மாற்ற வேண்டியிருந்தது. மற்றபடி 47 ஆண்டுகள் அலைக்கு அசையவில்லை.

மணல்திட்டு
செலவுக்குப் பணம் எங்கிருந்து வந்தது? அரசு கொடுத்ததா?

வடக்கயிறு
இல்லை, குத்தகை. லவெட் என்ற கேப்டன் 99 ஆண்டுக் குத்தகை எடுத்தார். அந்த வழியே போய்வரும் கப்பல்களிடம் டன்னுக்கு ஒரு பென்னி வாங்கிக்கொள்ள நாடாளுமன்றச் சட்டம் அனுமதித்தது. விளக்கு எரிந்தால்தான் அந்தக் கட்டணத்தை வாங்க முடியும். அதனால்தான் ஒவ்வொரு முறை அழிந்தபோதும் மறுபடி கட்ட உரிமையாளர்கள் அவசரப்பட்டார்கள்.

விளக்கறை
தீயைப் பற்றி. 1755 டிசம்பர் 2 அதிகாலை. விளக்கறையில் 24 மெழுகுவத்திகள் சரவிளக்கில் எரிந்தன. கூரையின் உள்பக்கம் மரம், வெளியே ஈயத்தகடு. கொழுப்பு மெழுகுவத்தியின் கரி நாற்பது ஆண்டுகளாகக் கூரையின் உட்புறத்தில் படிந்து கிடந்தது. தீ எங்கே பிடித்தது என்று உறுதியாகத் தெரியாவிட்டாலும், உச்சியில் பிடித்தது என்பது தெளிவு.

உச்சியில் பிடித்த தீயை அணைப்பதுதான் மிகக் கடினம். வாளியால் தலைக்கு மேலே பல அடி உயரத்துக்கு நீரை வீச வேண்டும். வீசிய நீரில் பாதி திரும்பி வீசியவர் மேலேயே விழும். தொட்டி நீர் தீர்ந்ததும் கீழே கடல்வரை படியிறங்கி நீர் கொண்டுவர வேண்டும். அப்படி வாளியோடு மேலே பார்த்துக்கொண்டு நின்ற காவலர் ஹென்றி ஹால், வயது 94 என்று பதிவு. கூரை ஈயம் உருகி அவர் மீது கொட்டியது. வாய்க்குள்ளும் போய்விட்டது என்று அவரே சொன்னார், யாரும் நம்பவில்லை. 12ஆம் நாள் இறந்தார். மருத்துவர் ஸ்ப்ரை வயிற்றைத் திறந்தபோது 7 அவுன்சுக்கு மேல் எடையுள்ள ஈயக்கட்டி கிடைத்தது. லண்டன் அறிவியல் கழகமான ராயல் சொசைட்டி அதையும் முதலில் சந்தேகித்தது. அந்தக் கட்டி இப்போது எடின்பரோவில் ஸ்காட்லாந்து தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

தீப்பிடித்த அன்று மற்ற இரு காவலர்களோடு ஹாலும் ஒவ்வொரு தளமாக இறங்கி, கடைசியில் பாறை இடுக்கில் ஒதுங்கினார்கள். காலையில் படகு வந்து மீட்டது.

சுண்ணாம்புக்காளவாய்
இப்போது ஸ்மீட்டனுக்கு வரலாம். எல்லோரும் கல்பூட்டைப் பேசுகிறார்கள். எனக்கு அவருடைய சாந்துதான் பெரிய விஷயம். கட்டடக்கலைக்கு அவர் கொடுத்ததில் அதற்கு ஈடாக வேறொன்றில்லை.

சாதாரணச் சுண்ணாம்புச் சாந்து காற்றிலிருக்கும் கரியமில வாயுவை வாங்கித்தான் இறுகும். நீருக்குள் இறுகாது, கரைந்துபோகும். எடிஸ்டோனில் வைத்த சாந்து ஆறு மணி நேரத்துக்குள் கடலுக்கடியில் போய்விடும். அன்று கொத்தனார்களிடம் இருந்த நம்பிக்கை: கல் எவ்வளவு கடினமோ, அதைச் சுட்ட சுண்ணாம்பும் அவ்வளவு கடினம். ஸ்மீட்டன் பல ஊர்ச் சுண்ணாம்புக் கற்களை வரவழைத்துச் சோதித்தார். அவர் செய்த சோதனை யாரும் செய்யக்கூடியது:

சுட்டு நீற்றிய சுண்ணாம்பைக் கொஞ்சம் நீர்விட்டுக் கெட்டியாகப் பிசைந்து, 2 அங்குல விட்டத்தில் உருண்டை பிடிப்பார். சற்று இறுகியதும் நீருக்குள் போட்டுவிடுவார். சில உருண்டைகள் ஒரு நாளில் கூழாகிக் கலைந்தன. சில கெட்டியாகிக்கொண்டே போயின. எது கெட்டியாகிறது என்பதற்கும் கல்லின் கடினத்துக்கும் தொடர்பே இல்லை. பிறகு அதே கற்களை நைட்ரிக் அமிலத்தில் கரைத்தார். சுத்தமான சுண்ணாம்புக்கல் முழுக்கக் கரைந்தது. நீரில் இறுகிய வகைகளோ கீழே களிமண்ணை வண்டலாக விட்டன. கல்லில் இயற்கையாகக் கலந்திருக்கும் களிமண்தான் நீரில் இறுகும் குணத்தைத் தருகிறது என்று முதலில் கண்டுகொண்டவர் அவர்.

வேல்ஸின் ஆபர்தா என்ற இடத்து நீலநிறச் சுண்ணாம்புக்கல்லைத் தேர்ந்தெடுத்தார். அதோடு இத்தாலியின் சிவிட்டவெக்கியாவிலிருந்து வந்த பொசலானா என்ற எரிமலைத் தூளைச் சரிக்குச் சரி அளந்து கலந்தார். நம் பழைய கட்டடங்களில் செங்கல் தூளைச் சுர்க்கி என்று சுண்ணாம்பில் சேர்த்தார்களே, அதே வேலையைச் செய்யும் பொருள். கலவையில் நீர் மிகக் குறைவு, இடி அதிகம். வாளியில் கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து உலக்கையால் இடித்துக்கொண்டே இருந்தார்கள். நீர் கூடினால் வேலை சுலபம், சாந்து துளைவிழும்.

இவ்வளவு செய்தும் ஒரு சிக்கல். மூட்டின் வெளிவாயில் இருக்கும் சாந்தை, இறுகும் முன்பே அலை உறிஞ்சி எடுத்தது. அதற்கு மூட்டு வாயைப் பாரிஸ் சாந்தால் (பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ்) மூடினார். அது நிமிடங்களில் இறுகும், கடல்நீரில் நாளடைவில் கரையும். அது கரைவதற்குள் உள்ளே இருக்கும் சாந்து தன் காலில் நின்றுவிடும்.

இதையெல்லாம் 1791இல் நூலாக வெளியிட்டார். ஜோசப் ஆஸ்ப்டின் போர்ட்லண்ட் சிமெண்டுக்குக் காப்புரிமை பெற்றது 1824இல்.

மணல்திட்டு
பாரிஸ் சாந்து விஷயம் புதிது, நன்றி. கல்பூட்டையும் இதுபோல விளக்க முடியுமா? டவ்டெயில் (புறாவால் வடிவப் பூட்டு), பளிங்கு முளை, மர ஆணி என்று மூன்றைச் சொல்கிறார்கள். எல்லாமே கல்லைப் பிடிக்கத்தானே? ஏன் மூன்று?

கல்தச்சன்
மூன்றும் மூன்று திசைக்கு. இதைப் பிரித்துப் பார்த்தால்தான் அவர் யோசித்த விதம் தெரியும்.

டவ்டெயில்: ஒரே வரியில் இருக்கும் கற்கள் பக்கவாட்டில் பிரியாமல் இருக்க. வரைபடத்தில் மேலிருந்து பார்த்தால், நடுக்கல்லைச் சுற்றி ஒவ்வொரு கல்லும் இன்னொன்றின் இடுப்பைக் கவ்வியிருக்கும். வெளிக்கல் ஒன்றை மட்டும் அலை இழுத்து எடுக்க வழியில்லை. எடுப்பதானால் வரி முழுவதையும் எடுக்க வேண்டும். அடி வரிகளில் பாறையையே அந்த வடிவத்தில் குடைந்து, கல்லைப் பாறையோடும் பூட்டினார். குடைய வெடிமருந்து பயன்படுத்தவில்லை, பாறை அதிர்ந்து பிளந்துவிடும் என்ற அச்சம். எல்லாம் கைவேலை.

பளிங்கு முளை: மேல்வரி கீழ்வரியின் மீது வழுக்காமல் இருக்க. சுமார் ஓரடிக் கனசதுரத் துண்டு, பாதி கீழ்வரிக்குள், பாதி மேல்வரிக்குள். நடுவில் ஒன்று, சுற்றிலும் எட்டு.

மர ஆணியும் ஆப்பும்: இவை அடுத்த ஓதத்துக்காக. நிரந்தரப் பலத்துக்கு அல்ல. ஒரு கல்லை வைத்ததும் பக்கத்தில் ஓக் ஆப்பு அடித்து இறுக்கி, கல்லில் போட்ட இரண்டு துளை வழியாகக் கீழ்வரிக்குள் ஓக் ஆணி இறக்குவார்கள். சாந்து இறுக நாளாகும். அலை வர மணிக்கணக்குதான். அந்த இடைவெளியில் அலை கல்லின் அடியில் புகுந்து தூக்காமல் இருக்கவே இந்த ஆணி. ஓக் ஈரத்தில் ஊதும், இன்னும் இறுகும்.

முதல் கல் 1757 ஜூன் 12 அன்று வைக்கப்பட்டது, எடை இரண்டேகால் டன். முதல் வரியில் நான்கே கற்கள், இரண்டாவதில் 13. பாறை சரிவு என்பதால் ஆறு வரிகள் பாறையின் படிகளை நிரப்பவே போயின, ஏழாவதுதான் முழுவட்டம். கரையில் மில்பே பட்டறையில் வரி வரியாக அடுக்கிப் பார்த்து, பொருந்தாததைச் செதுக்கி, எண்ணிட்டு, பிரித்துத்தான் படகில் ஏற்றினார்கள். பாறையில் நின்று கல்லைத் திருத்த நேரம் கிடையாது. மொத்தம் 1,493 கற்கள், சுமார் 988 டன், உயரம் 72 அடி. அடிப்பகுதியில் உள்ளே வெற்றிடமே இல்லை.

வெளியே கருங்கல், உள்ளே போர்ட்லண்ட் கல் (ஒருவகைச் சுண்ணாம்புக்கல்). போர்ட்லண்ட் கல் செதுக்கச் சுலபம், ஆனால் கடலில் அதைத் துளைத்துக் குடியேறும் சிப்பி வகை ஒன்று உண்டு. கருங்கல்லை அது தொடாது.

ஓக் மரத்தைப் பார்த்து வடிவத்தைப் பிடித்தார் என்ற கதையைச் சிலர் மிகைப்படுத்துகிறார்கள். அந்த ஒப்புமையைச் சொன்னவர் அவரேதான். ஆனால் வெறும் உருவத்தை அவர் எடுக்கவில்லை: அடி அகன்று, வளைந்து குறுகி, பாரம் கீழே தங்க வேண்டும் என்ற கொள்கையைத்தான் எடுத்தார்.

வடக்கயிறு
வேலையாட்கள் பற்றி ஒரு வரி. கடற்படைக்கு ஆள் பிடிக்கும் கும்பல்கள் கரையில் சுற்றிய காலம் அது. எடிஸ்டோன் ஆட்களைப் பிடிக்கக் கூடாது என்பதற்கு அடையாளமாக அவர்களுக்கு வெள்ளிப் பதக்கம் கொடுத்திருந்தார்கள். இரண்டு குழுக்கள், முறை வைத்து மாறி மாறி. 'நெப்டியூன்' என்ற கப்பலைப் பாறைக்கு அருகே நங்கூரமிட்டுத் தங்கினார்கள், ஒவ்வொரு வற்றத்துக்கும் கரையிலிருந்து போய்வர முடியாதே.

மணல்திட்டு
தளங்களின் வளைவுக் கூரை சுவரை வெளியே தள்ளாதா? 17 அடி விட்டத்துக்குக் குறுகிய மேல்பகுதியில் சுவர் மெலிதாயிற்றே.

கல்தச்சன்
தள்ளும். அதற்குத்தான் சங்கிலி. ஒவ்வொரு தளமட்டத்திலும் சுவரைச் சுற்றிப் பள்ளம் வெட்டி, முனையில்லாத இரும்புச் சங்கிலியை அதில் இட்டு, உருக்கிய ஈயத்தை ஊற்றி மூடினார். பீப்பாய்க்கு வளையம் போட்டதுபோல.

இதில் அடுத்த படி எடுத்தது ஸ்காட்லாந்தின் பெல்ராக் கலங்கரை விளக்கம், 1811 பிப்ரவரி 1 விளக்கு எரிந்தது. அதன் பொறியாளர் ராபர்ட் ஸ்டீவன்சன் தளக்கற்களைச் சுவர்க்கற்களிலிருந்தே உள்ளே நீட்டி, நடுவில் பூட்டிவிட்டார். தளம் சுவரைத் தள்ளுவதற்குப் பதிலாகக் கட்டி இழுக்கிறது. சங்கிலியைவிடச் சிறந்த யோசனை என்பது என் முடிவு. இரும்பு துருப்பிடித்தால் ஊதிக் கல்லைப் பிளக்கும் அபாயம் இதில் இல்லை.

விளக்கறை
கோபுரம் இவ்வளவு முன்னேறியும் விளக்கு பழையபடிதான். 1759 அக்டோபர் 16 எரிந்தது அதே 24 மெழுகுவத்திகள், இரண்டு வட்டச் சரவிளக்கில். மொத்த வெளிச்சம் சுமார் 67 மெழுகுத்திறன். பின்னால் எதிரொளிப்பான் கிடையாது. திரியின் கருகிய நுனியைக் கத்தரிக்காவிட்டால் சுடர் மங்கிப் புகையும்; அதற்காக அரை மணிக்கு ஒரு முறை ஒரே அடி அடிக்கும் கடிகாரம் வைத்தார் ஸ்மீட்டன். இரவு முழுக்க அந்த ஓசைக்கு எழுந்து 24 திரிகளைக் கத்தரிப்பதுதான் காவலர் வேலை.

1810இல்தான் ஆர்கண்ட் எண்ணெய் விளக்குகள் வந்தன. குழல் வடிவத் திரி, நடுவிலும் வெளியிலும் காற்று, மேலே கண்ணாடிக் குழாய். அதனால் புகை குறைவு, சுடர் வெண்மை. பின்னால் வெள்ளி பூசிய செப்புப் பரவளைய எதிரொளிப்பான். 1845இல் ஃப்ரெனல் முறைக் கண்ணாடி. அதன் வித்தையைச் சுருக்கமாகச் சொன்னால்: தடித்த லென்ஸை வளையம் வளையமாக அறுத்து, தேவையற்ற கனத்தை எடுத்துவிட்டு, வளைந்த முகத்தை மட்டும் வைத்துக்கொள்வது. மேலும் கீழும் சிதறும் வெளிச்சத்தை முப்பட்டக வளையங்கள் உள்ளேயே எதிரொளித்து அடிவானத்தை நோக்கித் திருப்பும். எண்ணெய் கூடாமலே வெளிச்சம் கூடியது.

ஓதக்கணக்கு
மணல்திட்டு முதலில் கேட்டதற்கு இன்னொரு பாதி பதில் பாக்கி. பாறை குடைபட்டது முதல் காரணம். இரண்டாவது, ஸ்மீட்டனின் வளைந்த அடி. கடல் கொந்தளித்தால், அலை அந்த வளைவில் மோதி உடையாமல் சறுக்குமரம் போலச் சுவரோடு மேலே ஏறியது. விளக்கறைக்கு மேலும் போய்க் கொட்டியது, உச்சிக் கொடுங்கையின் அடியில் முட்டியது. விளக்கு மிகவும் தேவைப்படும் அதே நேரத்தில் நீர்த்திரை வெளிச்சத்தை மறைத்தது.

ஜேம்ஸ் டக்ளஸ் கட்டிய நான்காவது கோபுரம் இதற்குத் தந்த விடை: அடியில் நேர்செங்குத்தான உருளை. 44 அடி விட்டம், 22 அடி உயரம். அலை அதில் மோதி உடைகிறது, ஏறுவதில்லை. உருளையின் மேல்விளிம்பு படகிலிருந்து இறங்கும் மேடையாகவும் ஆனது. அதற்கு மேலேதான் குறுகும் கோபுரம்.

இந்த உருளை அடியை அவர் எடிஸ்டோனுக்கு முன்பே நம் பக்கத்துக் கடலில் கட்டியிருக்கிறார். இலங்கையின் தென்கிழக்கே, கிரிந்தைக்கு அப்பால் கடலில் இருக்கும் பெரிய பாஸஸ் பாறை. உள்ளூரில் மகா ராவணா கோட்டை என்பார்கள். அங்கே 32 அடி விட்ட உருளை, அதன்மேல் 67 அடி 5 அங்குலக் கோபுரம். டக்ளஸின் வரைபடம், தம்பி வில்லியம் களத்தில் நின்றார். கருங்கல் ஸ்காட்லாந்தின் டால்பீட்டியில் செதுக்கப்பட்டுக் கப்பலில் வந்தது. 1873 மார்ச் 10 விளக்கு எரிந்தது. எடிஸ்டோன் அதற்கு ஒன்பது ஆண்டுகள் பிந்தியது.

கல்தச்சன்
அருமை, இதைத் தமிழில் யாரும் சொல்லிப் பார்த்ததில்லை. எடிஸ்டோன் எண்களையும் சேர்த்துவிடுகிறேன். அடித்தளம் ஸ்மீட்டனுடையதைவிடத் தாழ்ந்தது, வற்றத்திலும் நீருக்குள் இருப்பது. ஆகவே சுற்றிச் செங்கல்லும் சிமெண்டும் கொண்டு தற்காலிகச் சுவர் எழுப்பி, உள்ளிருக்கும் நீரை ஒவ்வொரு முறையும் இறைத்துவிட்டு வேலை செய்தார்கள். 'ஹெர்குலிஸ்' என்ற நீராவிக் கப்பலின் இயந்திரமே நீரை இறைத்தது, கல்லையும் தூக்கியது. 1879 ஆகஸ்ட் 19 அடிக்கல், 1882 மே 18 விளக்கு. 2,171 கற்கள், 4,668 டன். ஒவ்வொரு கல்லும் பக்கவாட்டில் மட்டுமன்றி மேல்கீழாகவும் டவ்டெயில். பளிங்கு முளையின் வேலையைக் கல்லே செய்கிறது. மதிப்பீடு 78,000 பவுண்டு, முடிந்தது 59,255 பவுண்டுக்கு.

விளக்கறை
ஒன்றின்மேல் ஒன்றாக இரண்டு லென்ஸ் தொகுதிகள் வைத்தார்கள். தெளிந்த வானில் கீழ்விளக்கு மட்டும், மூட்டமானால் இரண்டும். மூடுபனிக்கு இரண்டு டன் எடையில் இரண்டு மணிகள். உச்சியில் ஹெலிகாப்டர் இறங்குதளம் அமைத்த பின் 1982இல் தானியங்கியானது, காவலர்கள் வெளியேறினார்கள். இன்று 10 விநாடிக்கு இரண்டு வெள்ளை மின்னல். ஹாண்ட் டீப்ஸ் என்ற மூழ்குபாறை இருக்கும் திசையில் மட்டும் சிவப்பு விளக்கு தனியாக எரியும். சிவப்பு தெரிந்தால் அந்தத் திசைக்குள் இருக்கிறீர்கள், விலக வேண்டும்.

மணல்திட்டு
எல்லோருக்கும் நன்றி. கடைசியாக: கரைக்குக் கொண்டுபோன மேல்பாதி முழுதாக இருக்கிறதா?

வடக்கயிறு
இருக்கிறது. பிளிமத் ஹோ மேட்டில், பொதுமக்கள் நன்கொடையில், புதுக் கருங்கல் அடி கட்டி அதன்மேல் பழைய கற்களை அதே வரிசையில் அடுக்கினார்கள், 1884இல் திறப்பு. உள்ளே ஏறலாம். மேல் அறைச் சுவரைச் சுற்றி, ஆண்டவர் வீட்டைக் கட்டாவிட்டால் கட்டுகிறவர்களின் உழைப்பு வீண் என்ற பைபிளின் 127ஆம் சங்கீத வரியை ஸ்மீட்டன் செதுக்க வைத்தார். விளக்கறை வாசலுக்கு மேல் 'லாஸ் டியோ', இறைவனுக்கே புகழ் என்று பொருள், அதோடு 1759 ஆகஸ்ட் 24 என்ற தேதி. கல்வேலை முடிந்த நாள் அது. அந்த எழுத்துகளை இப்போதும் படிக்கலாம்.